எந்தக் கடையில் தொடங்குவது

காலைப் படகில் பிஸ்கால் வந்து இறங்கிவிட்டார் என்று தேத்தண்ணிக் கடை றஜீபன் குரல் கொடுத்தபோது, ஜசிந்தா நங்கூரக் கயிறு அளந்து வெட்டிக்கொண்டிருந்தாள். கயிறு வாங்க வந்தவன் அதைச் சுருட்டித் தோளில் போட்டுக்கொண்டு, "அப்ப நான் போட்டு வாறன் அக்கா" என்று அவசரமாகப் போனான். செத்த வீட்டில் முகத்தைக் காட்டிவிட்டு நழுவுகிறவனைப் போல இருந்தது அவன் போன விதம்.

நெடுந்தீவில் பிரதேச சபைக்குச் சொந்தமான அந்தச் சந்தைக் கட்டடத்தில் வரிசையாக நாலு கடைகள். தெருக்கரையில் முதலாவது ஜசிந்தாவின் இரும்புக் கடை. அதை அடுத்துத் தியாகலிங்கத்தாரின் பலசரக்குக் கடை, பிறகு யோகம்மாவின் புடைவைக் கடை, கடைசியில் றஜீபனின் தேத்தண்ணிக் கடை. ஜசிந்தாவின் புருஷன் யாகப்பு கடற்தொழிலுக்கென்று மன்னார்ப் பக்கம் போனால் மாதக்கணக்கில் திரும்பமாட்டான். இடம்பெயர்ந்து மீளக் குடியேறிய காலத்திலிருந்து கடையைத் தாங்கி நிற்கிறவள் அவள்தான். தீவில் எந்த வள்ளத்துக்கு எந்த அளவுப் போல்ட் வேண்டும் என்று கேட்டு வருபவர்கள் அவளிடம்தான் வருவார்கள்.

கட்டடம் பழுது, இடித்துப் புதிதாகக் கட்டிப் பகிரங்க ஏலத்தில் விடப்போகிறோம் என்று சபை அறிவித்தது. பழுது என்பது பொய்யில்லை. மாரிக்கு ஒழுகும், மேலே சீமெந்து உடைந்து கம்பி தெரியும். ஆனால் ஏலம் என்று வந்தால், கனடாவிலும் சுவிசிலும் இருந்துகொண்டு கேட்பவர்களோடு தங்களால் நின்றுபிடிக்க ஏலாது என்பது நாலு பேருக்கும் தெரியும். கட்டி முடிந்ததும் எங்களுக்கே தருவதாக எழுதித் தாருங்கள் என்று கேட்டார்கள். அப்படி எழுதிக் கொடுக்கச் சட்டத்தில் இடமில்லை என்றது சபை. பேச்சு முறிந்தது. வழக்கு ஊர்காவற்றுறை நீதிமன்றத்துக்குப் போய், வெளியேற்றச் சொல்லிக் கட்டளையும் வந்துவிட்டது. அந்தக் கட்டளையை நிறைவேற்றத்தான் நீதிமன்ற அலுவலரான பிஸ்கால் இன்றைக்கு வருகிறார்.

ஒரேயொரு வழி மிச்சமிருந்தது. அவர்களுடைய சட்டத்தரணி தர்சனா இன்றைக்கு யாழ்ப்பாணத்தில் மேல் நீதிமன்றத்தில் தடை கேட்டு நிற்கிறாள். தடை கிடைக்கும்வரை பூட்டு விழாமல் பார்த்துக்கொள்ள வேண்டும். பின்னேரப் படகை விட்டால் பிஸ்காலுக்கு வேறு படகில்லை. மறுநாள் அவருக்கு இன்னொரு ஊரில் இன்னொரு கட்டளை. பின்னேரப் படகு வரும்வரை தாக்குப்பிடித்தால் போதும்.

முதல்நாள் தியாகலிங்கத்தார்தான் யோசனை சொன்னார். நாலு பேரிலும் மூத்தவர். கடைக்காரர் சங்கத்துக்குத் தலைவரும் அவரே.

"பூட்ட முன்னம் கடையில கிடக்கிற சாமான் ஒவ்வொண்டையும் அவை எழுத வேணும். அது சட்டம். பிள்ளை ஜசிந்தா, உம்மட கடையில இருந்து தொடங்கினா உந்த ஆணியும் நட்டும் எழுதி முடிக்கவே படகு வந்திடும்."

எல்லோரும் சிரித்தார்கள். ஜசிந்தாவும் சிரித்தாள். ஓம் என்றாள்.

இப்போது தெருவில் அவர்கள் வருவது தெரிந்தது. முன்னால் சபையின் வருமானப் பரிசோதகர் துஷ்யந்தன், நடுவில் ஒரு தோற்பையோடு பிஸ்கால், பின்னால் பொலிஸ் சார்ஜன்ரும் இரண்டு பொலிஸ்காரரும். பிஸ்கால் ஓய்வுபெறும் வயதை எட்டிக்கொண்டிருந்தவர். கடல் அவருக்கு ஒத்துவரவில்லை என்பதை முகமே சொன்னது.

துஷ்யந்தன் ஜசிந்தாவை நிமிர்ந்து பார்க்கவில்லை. போன வருஷம் தன் வீட்டுக் கிணற்று மோட்டர் பழுதானபோது இந்தக் கடை வாசலில்தான் அரைநாள் நின்றவன்.

தியாகலிங்கத்தார் வேட்டியைச் சரிசெய்துகொண்டு முன்னால் வந்தார். "வாங்கோ ஐயா. நாங்கள் கோட்டுக்கு மரியாதை குடுக்கிற ஆக்கள். ஒருத்தரும் மறிக்கமாட்டம். தெருக்கரைக் கடையில இருந்து தொடங்குங்கோவன்."

பிஸ்கால் கட்டளையை வாசித்தார். றஜீபன் அவர் உட்கார ஒரு கதிரை கொண்டுவந்து போட்டான். எழுத்து வேலை தொடங்கியது.

முதல் இரண்டு மணித்தியாலமும் நினைத்தபடியே போனது. கயிறு, வலைக் கண்ணி, பெயின்ற் பேணி, மண்வெட்டி, பிணைச்சல், பூட்டு. துஷ்யந்தன் எடுத்துக் காட்டுவான், பிஸ்கால் எழுதுவார். ஜசிந்தா ஒவ்வொன்றுக்கும் பெயர் சொல்வாள். "அது ஒண்டில்லை ஐயா, ரெண்டு விதம்" என்பாள். அவர் அடித்துத் திருத்தி எழுதுவார். ஆணியும் போல்ட்டும் நிறைந்து சுவர் முழுக்க இருந்த சின்னச் சின்ன இழுப்பு லாச்சிகளை இன்னும் தொடவேயில்லை. வாசலில் கூடி நின்ற சனம் தங்களுக்குள் குசுகுசுத்துக்கொண்டது. தியாகலிங்கத்தார் ஒருமுறை எட்டிப் பார்த்து, மெல்லத் தலையசைத்துவிட்டுப் போனார்.

மத்தியானம் பிஸ்கால் சாப்பிட எழுந்தபோது ஜசிந்தா கடைக்குப் பின்னால் போய்த் தர்சனாவுக்கு அழைப்பெடுத்தாள்.

"அன்ரி, எங்கட வழக்கைப் பின்னேரம்தான் கூப்பிடுவினம். தடை கிடைக்கும் எண்டுதான் நினைக்கிறன். ஆனா தடை ஓடர் கையில வர நாளைக்கு ஆகும். கடுதாசியைக் காணாமல் பிஸ்கால் நிப்பாட்டமாட்டார். எத்தினை கடை பூட்டிட்டினம்?"

"இன்னும் ஒண்டும் இல்லை. என்ர கடையை எழுதிக்கொண்டிருக்கினம்."



"நல்லது. நாளைக்குத் தடை வந்தால் மற்ற மூண்டையும் தொட ஏலாது."

"என்ர கடை?"

"பூட்டினது பூட்டினதுதான் அன்ரி. தடை இனி நடக்கப்போறதைத்தான் நிப்பாட்டும். நடந்து முடிஞ்சதைத் திருப்பி எடுக்க வேற வழக்குப் போடவேணும், அது வருஷக்கணக்கில போகும். நான் நேற்றே தியாகலிங்கம் ஐயாவுக்கு விளங்கப்படுத்தினனானே. அவர் உங்களுக்குச் சொல்லேல்லையோ?"

ஜசிந்தா போனை இடுப்பில் செருகினாள். தண்ணீர்த் தாங்கிக்குப் பக்கத்தில் தியாகலிங்கத்தார் கை கழுவிக்கொண்டு நின்றார்.

"அண்ணை, பூட்டுற கடை திரும்பி வராது எண்டு உங்களுக்கு நேற்றே தெரியும்."

அவர் மறுக்கவில்லை. கையை உதறிவிட்டு, சனம் நிற்கிற பக்கம் ஒரு தடவை பார்த்தார்.

"மெல்லக் கதையும் பிள்ளை. நாலும் போறதுக்கு ஒண்டோட போனால் மிச்சம் மூண்டு நிக்கும். உம்மை நாங்கள் தெருவில விட்டிடுவமே? என்ர கடையில ஒரு பக்கத்தை ஒதுக்கித் தருவன், இறாக்கை போட்டு வியாபாரம் செய்யும்."

"இதை நேற்றுச் சொல்லியிருக்கலாமே."

"சொல்லியிருந்தா நீர் ஓம் எண்டிருக்கமாட்டீர்."

அதுதான் அவளைச் சுட்டது. ஓம் என்றிருப்பாளா மாட்டாளா என்பது அவளுக்கே தெரியாது. அதைத் தெரிந்துகொள்ளவும் அவர் விடவில்லை. அவளை முன்னால் நிறுத்தி, அவளையே சிரிக்கவும் வைத்திருக்கிறார்.

அவள் திரும்பிக் கடைக்குள் வந்தாள். பிஸ்காலும் வந்து உட்கார்ந்துவிட்டார். துஷ்யந்தன் முதலாவது லாச்சியை இழுத்து மேசையில் வைத்தான்.

"பித்தளை வாசர், சின்னது" என்றான்.

கடை எழுதி முடிந்தால் பூட்டு. மெதுவாக எழுதினாலும் பின்னேரத்துக்குள் முடித்துப் பூட்டிவிட்டுத்தான் படகேறுவார்கள். அவளுக்குத் தெரிந்த வழி ஒன்றுதான். முடிக்கவே ஏலாதபடி செய்துவிட வேண்டும். அவள் சுவரிலிருந்து ஒரு லாச்சியை உருவி நிலத்தில் கவிழ்த்தாள். பிறகு அடுத்ததை. போல்ட்டும் நட்டும் ஆணியும் சலசலத்துக்கொண்டு கொட்டின, உருண்டு கதிரைக் கால்களுக்குள் ஓடின.

"ஏய், என்ன செய்யிறாய்?" என்று சார்ஜன்ர் உள்ளே பாய்ந்தார். அதற்குள் சுவர் வெறுமையாகிவிட்டது.

அவளுக்கு மூச்சு வாங்கியது. "எழுதுங்கோ ஐயா. சட்டம் எண்டால் ஒவ்வொண்டா எண்ணி எழுதுங்கோ."

பிஸ்கால் எழுந்து நிலத்தைப் பார்த்தார். கண்ணாடியைக் கழற்றித் துடைத்துப் போட்டார். கோபப்படவில்லை. பிறகு உட்கார்ந்து, எழுதுவதை வாய்விட்டுச் சொல்லிக்கொண்டே எழுதினார்.

"பலவகை ஆணி, போல்ட், நட், வாசர். கலந்த நிலையில். ஒரு குவியல்."

பேனையை மேசையில் வைத்தார். "அடுத்தது?"

அரைநாள் வேலை ஒரு வரியில் முடிந்துவிட்டது.

 துஷ்யந்தன் ஜசிந்தாவைப் பார்த்தான், அன்றைக்கு முதல்தடவையாக. "ஏனக்கா?" என்பதுபோல இருந்தது அந்தப் பார்வை. மிச்சச் சாமான்கள் கொஞ்ச நேரத்தில் எழுதி முடிந்தன. படகு வர இன்னும் நிறைய நேரம் கிடந்தது.

"இதைப் பூட்டிப்போட்டு அடுத்த கடையையும் பார்த்திடலாம்" என்றார் பிஸ்கால் சார்ஜன்ரிடம்.

வாசலில் தியாகலிங்கத்தார் நின்றார். முகம் கறுத்திருந்தது.

"செய்து போட்டீர். நான் போறதெண்டால் எல்லாரும் போகட்டும் எண்டு செய்து போட்டீர், என்ன?"

இல்லை என்று சொல்ல வாயெடுத்தாள். சொன்னாலும் யார் நம்பப்போகிறார்கள்? வாசலில் நின்ற சனமும் அப்படித்தான் பார்த்தது. யோகம்மா சேலைத் தலைப்பால் வாயைப் பொத்திக்கொண்டு நின்றாள்.

"திறப்பைத் தாங்கோ அம்மா. நீங்கள் வெளியில வாங்கோ" என்றார் பிஸ்கால். பூட்டுக்கு முத்திரை வைக்கத் தோற்பையிலிருந்து அரக்கும் மெழுகுதிரியும் எடுத்து வைத்தார்.

கடைச் சாவி அவள் கையில்தான் இருந்தது. கொடுக்கத்தான் கையை நீட்டினாள். நீட்டிய கை அப்படியே நின்றது. பிறகு, முன்கூட்டி எதையும் யோசித்திராமல், அவள் அந்த இரும்புக் குவியலுக்குப் பக்கத்தில் நிலத்தில் உட்கார்ந்தாள்.

"வரேல்லை ஐயா."

"அம்மா, இது நீதிமன்றக் கட்டளை."

"தெரியும் ஐயா. என்னை உள்ளுக்க வைச்சுப் பூட்டுங்கோ."

சார்ஜன்ர் ஒரு காலடி முன்னால் வந்தார். பிஸ்கால் கையைக் காட்டி மறித்தார். "பெண் பொலிஸ் இல்லையா?"

"ஒரு ஆள்தான் சேர். பிள்ளைப்பேற்று லீவில நிக்கிறா. மற்ற ஆள் வாறதெண்டால் ஊர்காவற்றுறையில இருந்துதான் வரவேணும்." சார்ஜன்ர் துஷ்யந்தன் பக்கம் திரும்பினார். "உங்கட சபையில பொம்பிளையள் வேலை செய்யினம்தானே. ரெண்டு பேரைக் கூப்பிடும்."

துஷ்யந்தன் நெற்றி வேர்வையைத் துடைத்தான். "அவை எழுதுவினைஞர்மார் சேர். ஆளைப் பிடிச்சு இழுக்கிற வேலைக்கு அவையைக் கூப்பிட எனக்கு அதிகாரம் இல்லை."

சொல்லிவிட்டு வெளியே தெருவைப் பார்த்தான்.

சார்ஜன்ர் ஜசிந்தாவுக்கு முன்னால் குந்தினார். குரலைத் தணித்தார். "இது வழக்காகும். பிடிச்சு மறியலில அடைச்சும் வைப்பினம். உம்மட மகள் தாதிமார் பயிற்சிக்கு விண்ணப்பிச்சிருக்கிறா எண்டு கேள்வி. தாய்க்கு வழக்கு எண்டால் விசாரிக்க வருவாங்கள். யோசியும்."

 மகள் பிரியதர்சினி இப்போது யாழ்ப்பாணத்தில் மாமி வீட்டில் இருக்கிறாள். இது ஒன்றும் தெரியாது. எழும்பிவிடலாம் என்று ஒரு கணம் நினைத்தாள். ஆனால் எழும்பினால் கடையும் போய், ஊரும் அவளைக் காட்டிக்கொடுத்தவள் என்றுதான் சொல்லும். அவள் நிலத்தில் கையை ஊன்றிக்கொண்டாள். ஆணி குத்தியது. எடுக்கவில்லை.

பிஸ்கால் நேரத்தைப் பார்த்தார். "சரி. இதை விடுவம். பக்கத்துக் கடை."

பக்கத்துக் கடை தியாகலிங்கத்தாருடையது. அரிசி மூட்டை, சீனி மூட்டை, பருப்பு, சவர்க்காரம். எழுதி முடிக்க அதிக நேரம் எடுக்காது. ஆம்பிளையின் கடை. அவர் உட்கார்ந்தாலும் இரண்டு பொலிஸ்காரர் தூக்கி வெளியே வைப்பார்கள். அவர் அவர்களுக்குப் பின்னால் போனார். 

ஜசிந்தா சுவருக்கு இந்தப் பக்கம் இருந்து கேட்டுக்கொண்டிருந்தாள். "சம்பா, ஒரு மூட்டை." "மைசூர்ப் பருப்பு." ஒவ்வொன்றும் கேட்டது. இப்படியே அவள் வாயைத் திறக்காமல் இருந்தால் போதும். அவளுடைய கடை நிற்கும், அவருடைய கடை போகும். அவர் அவளுக்குச் செய்ய நினைத்தது அப்படியே அவருக்கு நடக்கும். யாரும் அவளைக் குறை சொல்ல முடியாது. அந்த எண்ணம் இனித்தது என்பதை அவள் தனக்குள் மறைக்கவில்லை.

"கோதுமை மா, ரெண்டு மூட்டை" என்றது துஷ்யந்தனின் குரல்.

வாசலில் றஜீபன் தேத்தண்ணியோடு நின்றான். அவள் வாங்கவில்லை. குடித்தால் இடையில் எழும்பவேண்டி வரும்.

"றஜீபன், உம்மட மோட்டச்சைக்கிள் நிக்குதோ?"

"ஓம் அக்கா."

"ஓடிப்போய் இலட்சுமி அக்காவை ஏத்திக்கொண்டு வாரும். வந்து அண்ணையின்ர கடைக்குள்ள இருக்கச் சொல்லும். உம்மட மனிசியையும் கடைக்குள்ள இருத்திப்போட்டுப் போம். யோகம்மா அக்கா, நீங்களும் உங்கட கடைக்குப் போங்கோ. கடைக்குள்ள பொம்பிளை இருந்தால் அவையால பூட்ட ஏலாது."

றஜீபன் கோப்பையை வாசற்படியில் வைத்துவிட்டு ஓடினான். யோகம்மா தலைப்பை இடுப்பில் செருகிக்கொண்டு நடந்தாள்.

இலட்சுமிப்பிள்ளை தியாகலிங்கத்தாரின் மனைவி. கோயிலுக்கும் உறவுக்காரர் வீடுகளுக்கும் தவிர வேறெங்கும் போகாதவள். கடைப்பக்கம் அவள் வந்து யாரும் கண்டதில்லை. அவருக்கு அது பிடிக்காது. அவள் வருவாளா என்று ஜசிந்தாவுக்கு நிச்சயமில்லை. சுவருக்கு அந்தப் பக்கம் எழுத்து நடந்துகொண்டேயிருந்தது. உப்பு. தேயிலை. நெருப்புப்பெட்டி. பிறகு பிஸ்காலின் குரல்: "அவ்வளவுதானே? திறப்பைத் தாங்கோ."

தியாகலிங்கத்தார் என்ன சொன்னாரென்று கேட்கவில்லை. அப்போதுதான் மோட்டார்சைக்கிள் வந்து நின்றது.

"விலகுங்கோ பாப்பம்" என்றது ஒரு பெண்குரல். சனம் விலகுகிற சத்தம். பிறகு மூட்டை ஒன்றில் யாரோ பாரமாக உட்காருகிற சத்தம்.

"என்னப்பா, நீர் ஏன் இஞ்ச வந்தனீர்?" என்றார் தியாகலிங்கத்தார்.

"ஜசிந்தா கூப்பிட்டது. வந்தனான்."



பிஸ்கால் மூன்றாவது கடைக்குப் போய்ப் பார்த்தார். யோகம்மா தையல் மெசினுக்கு முன்னால் இருந்தாள். நாலாவதில் றஜீபனின் மனைவி அடுப்படியில் குந்தியிருந்தாள். அவர் திரும்பி ஜசிந்தாவின் வாசலுக்கு வந்து, அரக்கையும் மெழுகுதிரியையும் எடுத்துத் தோற்பையில் வைத்தார். தூரத்தில் படகின் ஊதல் கேட்டது.

"நான் நடந்ததை நடந்தபடி எழுதுவன் அம்மா" என்றார். "கூட்டவும் மாட்டன், குறைக்கவும் மாட்டன்."

"எழுதுங்கோ ஐயா."

அவர்கள் இறங்குதுறைப் பக்கம் போய் மறைந்த பிறகுதான் அவள் எழும்பினாள். கால் இரண்டும் விறைத்திருந்தன. யோகம்மா வந்து கையைக் கொடுத்தாள்.

மறுநாள் மத்தியானத்துக்கு முன் தடை வந்தது. கடைகள் திறந்திருந்தன. ஆனால் பிஸ்கால் எழுதியதும் நீதிமன்றத்துக்குப் போனது. கட்டளைக்குத் தடையாக இருந்ததாக நாலு பெண்களின் பெயருக்கும் அழைப்பாணை வந்தது. பிரியதர்சினியிடம் ஜசிந்தா தானே போனில் சொன்னாள். மகள் முதலில் அழுதாள், பிறகு இரண்டு நாள் கதைக்கவில்லை, மூன்றாம் நாள் "அம்மா, கோட்டுக்கு என்ன சீலை உடுத்துறீங்கள்?" என்று கேட்டாள்.

வழக்குத் தவணை நாளில் நாலு பெண்களும் ஒரே படகில் போனார்கள். குறிகட்டுவானில் இறங்கி, பஸ் பிடித்து, வங்களாவடியில் மாறி ஊர்காவற்றுறைக்குப் போனார்கள். சபைக்குச் சாட்சி சொல்ல வந்த துஷ்யந்தனும் அதே பஸ்ஸில்தான். இலட்சுமிப்பிள்ளைக்கு இடமில்லாமல் அவன் எழும்பி இடம் கொடுத்தான். நீதிமன்றத்தில் பிஸ்கால் சொன்னபடியே சொன்னார், கூட்டவுமில்லை, குறைக்கவுமில்லை. நீதவான் நாலு பேரையும் நிமிர்த்தி நிறுத்திக் கடுமையாகப் பேசி, இனி இப்படி நடக்கக்கூடாது என்று பிணை எழுதுவித்து விட்டார். கடைகளின் வழக்கு மேல் நீதிமன்றத்தில் தவணையிலேயே கிடக்கிறது. எப்படி முடியும் என்று தர்சனாவுக்கும் தெரியாது.

அன்றைக்குப் பின்னேரம் அவர்கள் திரும்பி வந்தபோது தியாகலிங்கத்தார் இறங்குதுறையில் காத்து நின்றார். கோட்டுக்கு அவர் வரவில்லை. மனைவியின் பையை வாங்கிக்கொண்டு, ஜசிந்தாவோடு சமமாக நடந்தார். கொஞ்சத்தூரம் போனபின் தொண்டையைச் செருமினார்.

"பிள்ளை, அண்டைக்கு நான் சொன்னது..."

"அண்ணை, இன்னொருக்கால் பிஸ்கால் வருவார். வராமல் இருக்கமாட்டார்" என்றாள் ஜசிந்தா. "வந்தால் உங்கட கடையில இருந்து தொடங்கட்டும்."

அவர் நடந்துகொண்டே யோசித்தார். 

"தொடங்கட்டும்" என்றாள் பின்னால் வந்த இலட்சுமிப்பிள்ளை. "நான் முதலே வந்து இருக்கிறன்."